படம் லேக்காம்!

டிஸ்கி: கொஞ்சம் நீளமான பதிவு. ஓட்டி ஓட்டிப் படிக்கிறவர்கள் இப்போதே கிளம்பிவிடலாம். உங்களைப் பற்றித்தான் எழுதியிருக்கிறேன். :-)

போன வாரம் எங்கள் கல்லூரியில் ‘கூழாங்கல்’ திரையிட்டார்கள். கல்லூரி பெயர் வேண்டாம், வகுப்பு நண்பர்களுக்குத் தெரியும், மற்றவர்களுக்குத் தேவையில்லை. மதியம் 2 மணிக்கு செமினார் ஹால், ஃபேன் பாதி ஓடுகிறது, லேப்டாப் ஒரு சீனியர் அண்ணன் கையில். படத்தின் நீளம் 75 நிமிடம். பழைய கணக்கில் ஒரு நாழிகை 24 நிமிடம் என்றால் மூன்று நாழிகைக்குக் கொஞ்சம் மேலே. அவ்வளவுதான். ஒரு ஐபிஎல் இன்னிங்ஸைவிடச் சின்னது.

அப்பனும் மகனும் பஸ்ஸை விட்டு இறங்கி, சண்டை நடந்து, பையன் பஸ்ஸுக்கு வைத்திருந்த ரூபாயைக் கிழித்துப் போட்டு, இருவரும் வெயிலில் நடக்க ஆரம்பித்தார்கள். இரண்டு நிமிடம் ஆகியிருக்கும். பின் வரிசையிலிருந்து ஒரு குரல்: “அண்ணே, நடந்துக்கிட்டே இருக்காய்ங்க... ஓட்டி விடுங்கண்ணே, லேக் அடிக்குது.” ஹால் முழுக்கச் சிரிப்பு. சீனியர் அண்ணன் வலதுபக்க அம்புக்குறியைத் தட்டினார். பத்து நொடி தாண்டியது. மறுபடி தட்டினார். பிறகு தட்டுவதில் ஒரு சுகம் வந்துவிட்டது போல. 75 நிமிடப் படம் 40 நிமிடத்துக்குள் முடிந்தது. வெளியே வந்து டீ குடிக்கும்போது எல்லோரும் ஒரே தீர்ப்பு: “ஒண்ணுமே நடக்கலியேப்பா படத்துல.”

நடந்ததையெல்லாம் தட்டித் தள்ளிவிட்டு ஒன்றும் நடக்கவில்லை என்றால் என்னத்தைச் சொல்ல?

அன்று வாயை மூடிக்கொண்டு வந்துவிட்டேன். அதனால்தான் இவ்வளவு நீளமாக எழுதவேண்டியிருக்கிறது.

முதலில் இந்த ‘லேக்’ என்ற வார்த்தை. எங்கிருந்து வந்தது? கம்ப்யூட்டர் கேமிலிருந்து வந்தது. நீங்கள் பட்டனை அழுத்துகிறீர்கள், ஸ்க்ரீனில் உங்கள் ஆள் அரை நொடி தாமதமாகச் சுடுகிறான். அதுதான் லேக். கட்டளைக்கும் கீழ்ப்படிதலுக்கும் நடுவில் இருக்கும் இடைவெளி. சினிமாவைப் பார்த்து லேக் என்று சொல்கிறவர் என்ன நினைத்துக்கொண்டிருக்கிறார் என்று இந்த வார்த்தையே காட்டிக்கொடுத்துவிடுகிறது. தான் பட்டனை அழுத்திவிட்டதாகவும், திரையில் இருப்பவன் இன்னும் கீழ்ப்படியவில்லை என்றும் நினைக்கிறார். முன்பெல்லாம் ‘படம் இழுவை’ என்பார்கள். இழுவை என்றால் இழுக்கிறவன் ஒருவன் இருக்கிறான் என்றாவது அர்த்தம் வரும். ‘அறுவை’யில் குறைந்தபட்சம் வலியாவது இருந்தது. லேக்கில் நுகர்வோர் புகார் மட்டும்தான் இருக்கிறது.

சரி, அவர்கள் தரப்பு வாதத்தை முதலில் வைத்துவிடுகிறேன். “நம்ம ஜனங்களுக்கு இதெல்லாம் ஒத்து வராது. பொறுமை கிடையாது. பகல் பூரா உழைத்துக் களைத்து வருகிறவன் பொழுதுபோக்கத்தான் படத்துக்கு வருவான். இந்த மெதுவான படங்களெல்லாம் வெளிநாட்டு விழாக்காரர்களுக்காக எடுப்பது.” இதை எங்கள் துறையில் சொல்லாத ஆள் இல்லை. ‘கூழாங்கல்’ 2021ல் ராட்டர்டாம் விழாவில் டைகர் விருது வாங்கியதை இதற்கு சாட்சியாக வேறு சொல்வார்கள். விருது வாங்கினால் அந்நியம், வாங்காவிட்டால் மொக்கை. எப்படியும் தப்பிக்க முடியாது.

நம்ம ஜனங்களுக்குப் பொறுமை இல்லையா? எந்த ஜனங்களைச் சொல்கிறீர்கள்?

எங்கள் அப்பத்தாவுக்கு வள்ளி திருமணம் நாடகம் என்றால் உயிர். ராத்திரி பத்து மணிக்குமேல் ஆரம்பித்தால் விடிகிற வரைக்கும் ஓடும். பாய், தலையணை, ஒரு தூக்குவாளியில் கருப்பட்டிக் காப்பி. பபூன் வரும்போது சிரிக்கும், ராஜபார்ட் வந்து கொஞ்ச நேரத்தில் அப்படியே சாய்ந்து தூங்கிவிடும், வள்ளியும் நாரதரும் தர்க்கம் பண்ணுகிற கட்டத்தில் யாரும் எழுப்பாமலே எழுந்து உட்காரும். ஒரு ராத்திரி முழுக்க நீளும் ஒரு கலையோடு எப்படி இருப்பது என்று அதற்குத் தெரியும். எப்போது கவனிக்கணும், எப்போது விட்டுவிடணும் என்று உடம்புக்கே ஒரு கணக்கு இருந்தது. இந்த ஜனங்களுக்குத்தான் பொறுமை இல்லை என்கிறார்கள், ஏசி ஹாஸ்டலில் மல்லாந்து படுத்து ரீல்ஸ் தள்ளுகிறவர்கள்.

இன்னொன்று கேட்கிறேன். டிவி சீரியல். மாமியார் கையை ஓங்குகிறார். டமார் என்று ஒரு சத்தம். மருமகள் முகம். மறுபடி டமார். மாமனார் முகம். நாத்தனார் முகம். ஓங்கிய கை கன்னத்தில் இறங்குவதற்குள் விளம்பரம். அந்த அறை விழுந்ததா இல்லையா என்பது திங்கட்கிழமைதான் தெரியும். உலகத்தின் எந்தப் பரிசோதனைப் படக்காரனும் இவ்வளவு துணிச்சலாகக் காலத்தை ரப்பர் மாதிரி இழுத்ததில்லை. இதை யாராவது லேக் என்று சொல்லிக் கேட்டிருக்கிறீர்களா?

இதைவிட முக்கியமானது ஹீரோ என்ட்ரி. காரின் கதவு திறக்கிறது. ஷூ. தரையில் தூசி. கை. மோதிரம். முதுகு. பத்து ரவுடிகளின் முகம், ஒவ்வொருவருக்கும் ஒரு குளோசப். பிறகு நடை. நொடிக்கு 96 பிரேம் எடுத்து அதை 24ல் ஓட்டுவார்கள். அதாவது ஒரு நொடி நடையை நான்கு நொடியாக்கிக் காட்டுவார்கள். ஒரு மனிதர் காரிலிருந்து இறங்கிப் பத்து அடி நடப்பதற்கு இரண்டு நிமிடம்! தியேட்டரில் விசில் பறக்கிறது. ஒருத்தரும் “அண்ணே ஓட்டி விடுங்கண்ணே” என்று கத்தவில்லை.

ஆக, பிரச்சினை மெதுவு இல்லை. மெதுவை நாம் ரொம்பவே ரசிக்கிறோம், காசு கொடுத்து ரசிக்கிறோம். யாருக்காகக் காலம் நிற்கிறது என்பதுதான் பிரச்சினை. ஹீரோ பத்து அடி நடந்தால் காலம் மண்டியிட்டு நிற்கலாம். குடிகார அப்பனும் அவன் மகனும் செருப்புத் தேய வீட்டுக்கு நடந்தால் அந்தக் காலத்துக்கு மதிப்பு கிடையாது, கட் பண்ணி ஊருக்குக் கொண்டுபோய் விட்டுவிடவேண்டும். நம் படங்களில் தோட்டக்காரர், சமையல்கார அம்மா, லோடுமேன், களை எடுக்கிற பெண்கள் எல்லோரும் வருவார்கள். ஆனால் வேலை செய்து முடிக்கிற வரைக்கும் காமிரா ஒருநாளும் காத்திருக்காது.

இதில் சினிமாவின் பிறவிக் கோளாறு ஒன்றும் இருக்கிறது. 1895ல் லூமியர் சகோதரர்கள் எடுத்த முதல் படங்களில் ஒன்று, தொழிலாளர்கள் ஃபேக்டரி வாசலை விட்டு வெளியே வருவது. ஒரு நிமிடம்கூட இல்லை. ஹாரூன் ஃபரோக்கி என்ற ஜெர்மன் இயக்குநர் இதை வைத்து 1995ல் ஒரு படமே செய்தார். காமிரா வாசலுக்கு வெளியேதான் நின்றது, உள்ளே போகவில்லை என்பதை அவர் பிடித்துக்கொண்டார். வேலை முடிந்த இடத்தில்தான் சினிமா தொடங்குகிறது. நம்ம ஊர் மொழியில் சொன்னால், பொழுது போன பிறகு வருவதுதான் பொழுதுபோக்கு.

இப்போது எங்கள் ஊருக்கு வருகிறேன். நிலக்கோட்டை என்றால் வெளியூர்க்காரர்களுக்கு ஒன்று பூ மார்க்கெட் ஞாபகம் வரும், இல்லை கொடைக்கானல் போகிற வழியில் ஒரு பஸ் நிற்கிற ஊர். மல்லிகை என்பது காலத்தால் செய்த பொருள். விடியக்கருக்கலில் மொட்டாகப் பறிக்கணும். வெயில் ஏறுவதற்குள் மார்க்கெட்டுக்குப் போகணும். மார்க்கெட்டில் விலை காலையில் ஒன்று, பத்து மணிக்கு ஒன்று. மொட்டு விரிந்துவிட்டால் கதை முடிந்தது, யாரும் தொடுத்துத் தலையில் வைக்க வாங்க மாட்டார்கள். வரத்து அதிகமாகி விலை விழுந்தால் சென்ட் கம்பெனிக்காரன் சொல்கிற விலைக்குத் தள்ளிவிடவேண்டியதுதான். மார்கழிப் பனியில் பூ குறையும், விலை ஏறும். சித்திரையில் பூ கொட்டும், விலை இறங்கும். எங்கள் அம்மா மூன்று மணிக்கு எழுந்து, நெற்றியில் லைட்டைக் கட்டிக்கொண்டு, ஒவ்வொரு மொட்டாகக் கிள்ளுகிறார். கிலோ கணக்கில் கூலி. ஒரு மல்லிகை மொட்டின் எடையை நினைத்துப் பாருங்கள். ஒரு கிலோ சேர எத்தனை தடவை விரல் மடங்கணும்!

சினிமாவில் மல்லிகைத் தோட்டம் எத்தனையோ தடவை வந்துவிட்டது. கதாநாயகி பூக்கூடையோடு ஓடுவார், ஒரு சிரிப்பு, கட். அந்தக் கூடை எப்படி நிறைந்தது என்று காட்டிய படம் ஒன்றைச் சொல்லுங்கள், பார்த்துவிடுகிறேன்.

போன பொங்கல் லீவில் அம்மாவுக்கு என் போனில் ‘கூழாங்கல்’ போட்டுக் காட்டினேன். (படம் 2023 அக்டோபரில் சோனி லிவ்வில் வந்தது.) இரண்டு தவணையாகப் பார்த்தார், நடுவில் உலை வைக்கப் போனார். படம் பூராவும் அவர் பேசிக்கொண்டே இருந்தார். “அந்தப் புள்ளைக்கு இன்னும் ஒரு வாய்த் தண்ணி குடுக்கல பாரு அந்த ஆளு.” கொஞ்ச நேரம் கழித்து, “வாயில கல்லப் போட்டுருக்கான், எச்சி ஊறும்னுட்டு. எங்க அப்பா சொல்லும்.” கடைசியில் ஒரு பாறைக்குழியில் ஊறுகிற தண்ணீரை ஒரு பெண் கொஞ்சம் கொஞ்சமாக மொண்டு மொண்டு குடத்தில் ஊற்றுகிற காட்சி. காமிரா நகராது. எங்கள் செமினார் ஹாலில் அம்புக்குறி அதிகம் வாங்கிய காட்சி இதுதான். அம்மா போனைக் கிட்டத்தில் கொண்டுபோய்ப் பார்த்துவிட்டுச் சொன்னார்: “இன்னும் அரைக்குடம்கூட நெறையல. பின்னால வேற ரெண்டு பேரு காத்துக்கிட்டு கெடக்குதுக.”

அவருக்கு அது ஒரு சம்பவம். எங்கள் ஆட்களுக்கு அது லேக். குடம் நிறைவது ஒரு சம்பவம் என்று தெரிய, குழாயில் தண்ணீர் வராத ஊரில் ஒரு மாதமாவது இருந்திருக்கவேண்டும்.

அம்மாவை வைத்து நான் செண்டிமெண்ட் ஜல்லி அடிக்கிறேன் என்று யாராவது கிளம்பிவிடுவதற்குள் இன்னொரு உண்மையையும் சொல்லிவிடுகிறேன். அந்த உற்சாகத்தில் மறுநாள் ‘உஸ்கி ரோட்டி’ போட்டேன். அம்மா பன்னிரண்டாவது நிமிடத்தில் தூங்கிவிட்டார்.

‘உஸ்கி ரோட்டி’ மணி கௌல் 1969ல் எடுத்த படம். மோகன் ராகேஷின் சிறுகதை. பஞ்சாபில் ஒரு பஸ் டிரைவர், அவன் மனைவி பாலோ. தினமும் ரொட்டி சுட்டுக்கொண்டு நடந்து வந்து பஸ் ஸ்டாப்பில் நிற்கவேண்டும். பஸ் வரும், கொடுக்கவேண்டும். ஒருநாள் வீட்டில் நடந்த ஒரு பிரச்சினையால் தாமதமாகிவிடுகிறது. அவன் கோபித்துக்கொண்டு போய்விடுகிறான். அவள் நிற்கிறாள். அவ்வளவுதான் கதை. அப்போது மணி கௌலுக்கு 25 வயதுகூட முழுசாக ஆகவில்லை, நம்மைவிட நாலைந்து வயது கூட இருக்கலாம். ஒளிப்பதிவு கே.கே. மகாஜன். முக்கியமாக இரண்டே லென்ஸ், ஒன்று அகலமான 28, இன்னொன்று தூரத்தைக் கிட்டே இழுக்கிற 135. அவள் உண்மையில் நிற்கிறாளா, நிற்பதாக நினைத்துக்கொள்கிறாளா, நடந்ததா, நடக்கப்போவதா என்று ஒரு கட்டத்துக்கு மேல் பிரிக்க முடியாது. காத்திருக்கிற மனசில் காலம் அப்படித்தானே இருக்கும்? அரசாங்கத்தின் பிலிம் பைனான்ஸ் கார்ப்பரேஷன் பணத்தில் எடுத்த படம், அதனால் மக்கள் பணத்தை வீணடித்தார் என்று அன்றைக்கே கும்மினார்கள். சத்யஜித் ரேயே சும்மா விடவில்லை. மணி கௌலின் அடுத்தடுத்த முயற்சிகளில் ஒன்றான ‘துவிதா’வையும் குமார் சஹானியின் ‘மாயா தர்ப்பண்’ படத்தையும் கட்டுரையில் காட்டமாகவே விமர்சித்தார். ரே சொன்னால் அது வேறு. அவர் கடைசி வரை உட்கார்ந்து பார்த்துவிட்டுத் திட்டினார்.

அம்மா தூங்கியதில் எனக்கு வருத்தம் இல்லை. மூன்று மணிக்கு எழுந்தவர். அப்பாஸ் கியாரொஸ்தமியே தன் படத்தில் ஆட்கள் தூங்கினால் தனக்குச் சந்தோஷம்தான் என்ற மாதிரி பேசியிருக்கிறார். அப்பத்தா நாடகத்தில் தூங்கின மாதிரிதான். தூங்குகிறவர் படத்தை அதன் போக்கில் ஓட விடுகிறார். ஓட்டிவிடுகிறவர் படத்தைக் கொல்கிறார்.

இப்போது எதிர்த்தரப்பிலிருந்து என் தரப்புக்கு வருகிறேன். ஏனென்றால் ‘உலக சினிமா’ கோஷ்டி இந்நேரம் கைதட்டிக்கொண்டிருக்கும், அவர்களுக்கும் கொஞ்சம் மிச்சம் வைத்திருக்கிறேன்.

ஷாட் நீளமாக இருந்தாலே கலை என்று ஒரு மூடநம்பிக்கை இருக்கிறது. எத்தனை நிமிடம் கட் இல்லாமல் போகிறது என்று ஸ்டாப்வாட்ச் வைத்துக் கணக்குப் பார்க்கிறார்கள். ஆண்டி வார்ஹோல் 1964ல் நியூயார்க்கின் எம்பயர் ஸ்டேட் கட்டிடத்தை ஒரு ராத்திரி முழுக்க ஒரே கோணத்தில் எடுத்தார். 24 பிரேம் வேகத்தில் எடுத்ததை 16ல் ஓட்டினால் படம் எட்டு மணி நேரத்தைத் தாண்டும். மைக்கேல் ஸ்நோவின் ‘வேவ்லெங்த்’ 1967ல் வந்தது. ஒரு அறையின் ஒரு முனையிலிருந்து எதிர்ச் சுவர் வரை 45 நிமிடத்துக்கு ஒரு ஜூம். இவற்றையெல்லாம் பார்த்தேன் என்று புரொபைலில் போட்டுக்கொள்கிறவர்களில் எத்தனை பேர் முழுசாகப் பார்த்தார்கள் என்று அவரவர் மனசாட்சிக்குத் தெரியும். என் மனசாட்சிக்கும் தெரியும்: ‘வேவ்லெங்த்’ நான் ஒன்றரை வேகத்தில்தான் பார்த்தேன். ஆமாம், நானேதான். ஜூமை வேகமாக ஓட்டினால் அது என்ன படம்? ஒரு ரூமின் போட்டோ. அந்தப் படத்தில் இருப்பதே நேரம் ஒன்றுதான், அதையும் எடுத்துவிட்டேன். இந்தப் பதிவில் நான் திட்டுகிற ஆட்களில் நானும் ஒருவன் என்று பதிவு செய்துகொள்ளுங்கள்.

ஆனால் கட்டிடம் களைக்காது. ஜூம் லென்ஸுக்குத் தாகம் எடுக்காது. அதனால்தான் எனக்கு வார்ஹோலைவிட ஷான்டல் ஆகர்மன் முக்கியமாகத் தெரிகிறார். பெல்ஜியம்காரர், 1975ல் ‘ழான் தீல்மான்’ எடுத்தார், அவருக்கும் அப்போது 25ஐ ஒட்டிய வயதுதான். மூன்று மணி இருபது நிமிடம். ஒரு விதவைத் தாயின் மூன்று நாள். உருளைக்கிழங்கு தோல் சீவுகிறார், நாம் பார்க்கிறோம், முழுசாகச் சீவி முடிக்கும் வரை. இரண்டாவது நாள் கிழங்கு குழைந்துபோகிறது. அவ்வளவுதான், நமக்கு வயிற்றில் என்னவோ பண்ணுகிறது, ஏனென்றால் முதல் நாள் அவரோடு உட்கார்ந்து அந்தச் சமையலின் கணக்கைக் கற்றுக்கொண்டிருக்கிறோம். முதல் நாளை ஓட்டிப் பார்த்தவருக்கு இரண்டாவது நாள் வெறும் குழைந்த கிழங்கு. பிரிட்டிஷ் பத்திரிகை ‘சைட் அண்ட் சவுண்ட்’ 2022ல் விமர்சகர்களிடம் எடுத்த வாக்கெடுப்பில் இதற்குத்தான் முதலிடம். அந்த முதலிடம் எனக்குப் பெரிசில்லை. சமையலறையில் போகிற நேரமும் நேரம்தான் என்று ஒரு சின்னப் பெண் அடித்துச் சொன்னது பெரிசு.

பரிசோதனை என்றாலே மெதுவு என்பதும் பொய். பிரமோத் பதி என்று ஒருவர், பிலிம்ஸ் டிவிஷனில் வேலை பார்த்தவர். 1968ல் ‘எக்ஸ்ப்ளோரர்’ எடுத்தார். கண் சிமிட்டினால் பத்து ஷாட் போய்விடும். பார்த்து முடித்தால் தலை கிறுகிறுக்கும். மெயின் படத்துக்கு முன்னால் பிலிம்ஸ் டிவிஷன் படம் போட்டே ஆகவேண்டும் என்று சட்டம் இருந்த காலம் அது. எம்ஜிஆர் படத்துக்கு டிக்கெட் எடுத்தவன் முதலில் அரசாங்கப் படத்தைப் பார்த்தே ஆகணும். அந்த அரசாங்க ஆபீசுக்குள் உட்கார்ந்துகொண்டுதான் இந்த மனுஷன் காலத்தைத் துண்டு துண்டாக வெட்டி விளையாடியிருக்கிறார். மெதுவு, வேகம் இரண்டுமே அங்கே ஒரு காரணத்துக்காக இருந்தது.

வேகத்துக்கு இன்று என்ன காரணம்? டேவிட் போர்ட்வெல் என்ற சினிமா ஆய்வாளர் ஹாலிவுட் படங்களை எண்ணிப் பார்த்திருக்கிறார். 1930 முதல் 1960 வரை ஒரு ஷாட்டின் சராசரி நீளம் 8லிருந்து 11 நொடி. நூற்றாண்டு முடியும்போது 3லிருந்து 6 நொடி. நெட்ஃபிளிக்ஸ் 2020ல் ஆண்ட்ராய்டு போனில் வேகத்தைக் கூட்டிப் பார்க்க வசதி கொடுத்தது. சில ஹாலிவுட் இயக்குநர்கள் முந்தின வருடமே சத்தம் போட்டும் நிற்கவில்லை. அதுவும் போதாமல் இப்போது ‘ஏழு நிமிடத்தில் முழுக்கதை’ என்று யூடியூபில் ஒரு அண்ணன் மூச்சு விடாமல் சொல்கிறார். நம்ம ஹாஸ்டலில் பாதிப் பேர் ‘பார்த்த’ படங்கள் அவர் சொன்ன படங்கள்தான்.

இப்படி மிச்சம் பிடித்த நேரம் எங்கே போகிறது? வில்லியம் ஜேம்ஸ் என்ற அமெரிக்க உளவியல்காரர் 1890லேயே ஒன்றைக் கவனித்து எழுதினார். விதவிதமான அனுபவங்கள் நிறைந்த நேரம் கடக்கும்போது சட்டென்று போகும், பின்னால் நினைத்துப் பார்த்தால் நீளமாக இருக்கும். வெறுமையான நேரம் நேர் எதிர், கடக்கும்போது நீளும், நினைத்துப் பார்த்தால் சுருங்கிவிடும். நம் ரீல்ஸ் ஒரு புது விநோதம். போகும்போதும் சட்டென்று போகிறது, நினைத்துப் பார்த்தாலும் ஒன்றும் இல்லை. நேற்று ராத்திரி பதினொன்றிலிருந்து ஒரு மணி வரை பார்த்ததில் மூன்றைச் சொல் என்று ரூம்மேட்டிடம் கேட்டேன். ஒரு நாய், ஒரு பிரியாணி என்றான். மூன்றாவது வரவேயில்லை. ‘கூழாங்கல்’ பார்த்து எனக்கு ஒரு வருடத்துக்கு மேல் ஆகிறது. எலி பிடிக்கிற குடும்பம், பையன் கண்ணாடித் துண்டால் அப்பன் முதுகில் வெயிலை அடிப்பது, அந்த ஆளின் கோபம் நடக்க நடக்க வெயிலில் உருகி ஒன்றுமில்லாமல் போவது, எல்லாம் இருக்கிறது. அந்தக் கோபம் எந்த ஷாட்டில் தீர்ந்தது என்று சொல்லமுடியாது. வசனம் எதுவும் அதைத் தீர்க்கவில்லை. நடந்த தூரம் தீர்த்தது. தூரத்தைத் தட்டித் தள்ளிவிட்டால், பஸ்ஸில் போகும்போது மிருகமாக இருந்தவன் வீட்டுக்கு வந்ததும் எப்படி வாயை மூடிக்கொண்டு சாப்பிட உட்காருகிறான் என்று புரியவே புரியாது. “லாஜிக் இல்ல மச்சி” என்று ஒருவன் டீக்கடையில் சொன்னான். லாஜிக்கைத்தானேடா ஓட்டிவிட்டீர்கள்!

இயக்குநர் வினோத்ராஜ் மதுரைப் பக்கம், மேலூர் வட்டாரத்தில் எடுத்த படம். அவர் சகோதரியைப் புகுந்த வீட்டில் துரத்திவிட, கைக்குழந்தையோடு 13 கிலோமீட்டர் நடந்தே வந்தாராம். அதிலிருந்துதான் படம் பிறந்தது என்று அவரே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். 13 கிலோமீட்டர் என்பது கட் பண்ணக்கூடிய விஷயமா? கைக்குழந்தையோடு நடந்தவருக்கு அம்புக்குறி யார் கொடுத்தது?

அவருடைய அடுத்த படம் ‘கொட்டுக்காளி’ 2024 ஆகஸ்டில் தியேட்டருக்கே வந்தது. பின்னணி இசையே கிடையாது. பேச மறுத்துவிட்ட ஒரு பெண்ணுக்குப் பேய் பிடித்திருக்கிறது என்று ஷேர் ஆட்டோவில் ஏற்றிச் சாமியாரிடம் கூட்டிப்போகிறார்கள். கூடவே கட்டிப்போட்ட ஒரு சேவல். சூரி நடித்ததால் காமெடி என்று நினைத்து வந்தவர்கள் திட்டிக்கொண்டே போனார்கள், அதில் எனக்கு ஒரு ஆச்சரியமும் இல்லை, அவர்களிடம் யாரும் முன்கூட்டிச் சொல்லவில்லை. ஆனால் என் பக்கத்து சீட்டில் ஒரு அக்கா, ஆட்டோவில் அந்தப் பெண் ஒன்றும் பேசாமல் உட்கார்ந்திருந்த நேரம் முழுக்க முன்சீட்டைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அவர் எதைப் பார்த்துக்கொண்டிருந்தார் என்று எனக்கு என்ன தெரியும். வாட்ச்சைப் பார்க்கவில்லை.

கடைசியாக ஒன்று, இது வெளிநாட்டுச் சரக்கு என்கிறவர்களுக்கு. தமிழ் இலக்கியம் ஒரு பேப்பர் எல்லோருக்கும் இருந்தது, அரியரும் பலருக்கு இருந்தது. :-) அகத்திணையில் முதற்பொருள் எது? நிலமும் பொழுதும். ஆள், அவன் உணர்ச்சி எல்லாம் பிறகுதான் வரும். முதலில் எந்த இடம், என்ன நேரம் என்று சொல்லியாகணும். பாலைக்கு வேனில், நண்பகல், பிரிதல். முல்லைக்குக் கார், மாலை, இருத்தல், அதாவது காத்திருப்பது. ‘எல்லாம் தொல்காப்பியத்திலேயே இருக்கு’ என்று பேசுகிற ஆட்களைக் கண்டாலே எனக்கு ஆகாது. ஆனாலும் இதைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. சுடுகிற நண்பகலில் பொண்டாட்டி விட்டுப்போனவன் நடக்கிறான், அது பாலை. வராத புருஷனுக்காகப் பொழுது சாய்ந்த பிறகும் ஒருத்தி பஸ் ஸ்டாப்பில் நிற்கிறாள், முல்லைக்கு இதைவிட யார் உதாரணம் கொடுப்பது? பாலைக்கென்று தனி நிலமே கிடையாது, முல்லையும் குறிஞ்சியும் வெயிலில் காய்ந்து திரிந்தால் அதுதான் பாலை என்று சிலப்பதிகாரத்தில் வருகிறதே, அதாவது காலம் செய்கிற நிலம். காலத்தைக் கதைக்கு முன்னால் வைத்த மொழியில் உட்கார்ந்துகொண்டு, ஒரு படம் நேரத்தைக் காட்டினால் அந்நியம் என்கிறோம்.

சீனியர் அண்ணனிடம் நேற்றுப் பேசிவிட்டேன். சண்டை எல்லாம் இல்லை. “எல்லாரும் கத்துனாய்ங்க, நான் என்னடா பண்றது, அடுத்த தடவ நீயே போடு” என்றார். நியாயம்தான். வருகிற சனிக்கிழமை ராத்திரி ஒன்பது மணிக்கு என் ரூமில் மறுபடி ‘கூழாங்கல்’. பாய் இருக்கிறது, தலையணை அவரவர் கொண்டுவரவும். தூங்கலாம், எழுந்து டீ குடிக்கப் போகலாம், திட்டலாம். லேப்டாப்பில் அந்த வலதுபக்க அம்புக்குறியை மட்டும் கழற்றி வைத்துவிட்டேன், என் சட்டைப் பையில்தான் இருக்கிறது.